எமகண்டத்தில் வந்த போர்க்கப்பல்

அரூர் பேருந்து நிலையத்தில் முப்பத்தொரு வருடம் நேரக் காப்பாளராக இருந்தவன் நான். திருவண்ணாமலை வண்டி எத்தனை மணிக்கு உள்ளே வந்தது, சேலம் வண்டி எத்தனை மணிக்கு வெளியே போனது என்று எழுதி வைப்பதுதான் வேலை. ஒரு நிமிடம் முன்னே போடு, பின்னே போடு என்று என்னிடம் கெஞ்சாத கண்டக்டர் இல்லை. டீ வாங்கிக் கொடுத்துப் பார்த்தார்கள், திட்டியும் பார்த்தார்கள். ஒரு வண்டிக்கும் நான் பொய் நேரம் போட்டதில்லை. பெருமையாகத்தான் சொல்கிறேன். வேறு பெருமை எனக்கு அதிகம் கிடையாது.

இன்னொன்று உண்டு. அதைப் பெருமை என்று எங்கள் வீட்டில் யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். பிரிட்டிஷ் போர்க்கப்பல்களைப் பற்றி எனக்குத் தெரியாதது குறைவு. வேலையில் சேர்ந்த புதிதில் யாரோ பஸ்ஸில் மறந்துவிட்டுப் போன பை ஒன்று என் அறைக்கு வந்தது. உள்ளே ஒரு துண்டு, பல் உடைந்த சீப்பு, தலையணை கனத்துக்கு ஓர் ஆங்கிலப் படப் புத்தகம். மூன்று மாதம் யாரும் கேட்டு வரவில்லை. ஒரு வண்டிக்கும் அடுத்த வண்டிக்கும் நடுவே அகராதியை வைத்துக்கொண்டு படித்து முடித்தேன். கடலை நான் பார்த்தது வாழ்நாளில் மூன்றே முறை, மூன்று முறையும் முழங்கால் ஆழத்துக்கு. ஆனால் எந்தக் கப்பலில் எத்தனை பீரங்கி, எது எங்கே தரை தட்டியது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். யாரும் எழுப்பிக் கேட்பதில்லை என்பதால் நானாகவே சொல்லிவிடுகிறேன்.

இப்படிச் சொல்லிச் சொல்லித்தான் மகளுக்கு வந்த முதல் இரண்டு சம்பந்தங்களையும் கெடுத்தேன் என்பது என் மனைவியின் குற்றச்சாட்டு. பொய்யில்லை. முதலில் வந்தவர்களிடம் ஹூட் என்ற கப்பலைப் பற்றிச் சொன்னேன். அழகுக்குப் பேர்போன கப்பல். ஜெர்மன்காரன் குண்டு பட்டதும் சில நிமிடங்களில் மூழ்கியது. ஆயிரத்து நானூறு பேருக்கு மேல் இருந்ததில் பிழைத்தது மூன்றே பேர். பையனின் அம்மா காபியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தார். நல்ல காரியம் பேச வந்த இடத்தில் முதல் பேச்சே மூழ்குகிற பேச்சா என்று வாசலில் நின்று கேட்டுவிட்டுத்தான் போனார்.

இரண்டாவதாக வந்தவர்களிடம் ஜாக்கிரதையாக இருந்தேன். சண்டையே இல்லாத கதையாகப் பார்த்து எடுத்தேன். விக்டோரியா என்ற கப்பலில் இருந்த தளபதி, பயிற்சி நேரத்தில் இரண்டு வரிசைக் கப்பல்களையும் உள்பக்கமாகத் திரும்பச் சொன்னார். இடம் போதாது, மோதிக்கொள்ளும் என்று பக்கத்தில் இருந்தவர்களுக்குத் தெரியும். பெரியவர் சொல்கிறாரே என்று யாரும் அழுத்திச் சொல்லவில்லை. மோதியது. தளபதியோடு கப்பல் அடிக்குப் போனது. வந்ததிலிருந்து எல்லோரையும் இங்கே உட்கார், அங்கே உட்கார் என்று அதட்டிக்கொண்டிருந்த பையனின் பெரியப்பா, தன்னைத்தான் குத்திக் காட்டுகிறேன் என்று எடுத்துக்கொண்டார். சத்தியமாக நான் அவரை நினைக்கவே இல்லை.

அந்த இரண்டும் தட்டிப்போனதில் மகளுக்கு வருத்தமே இல்லை என்பது பிறகுதான் தெரிந்தது. ஓசூரில் அவள் வேலை பார்க்கும் கம்பெனியிலேயே ஒரு பையன், காரிமங்கலத்துக்காரன். இரண்டு வருடப் பழக்கம். "அவன்னா சரி. இல்லன்னா எனக்குக் கல்யாணமே வேண்டாம்" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டாள். எதையும் இரண்டு தடவை சொல்கிற பெண் இல்லை அவள். எங்களுக்கும் பையனைப் பிடித்துப்போயிற்று. அவன் அப்பா போர்வெல் மோட்டாருக்குச் செம்புக் கம்பிக் காயில் கட்டிக் கொடுக்கும் கடை வைத்திருப்பவர், சாதுவான மனிதர். அம்மா இல்லை. வீட்டை ஆள்வது அப்பாவின் அக்கா. அந்த அம்மாள் தன் நாத்தனார் வழியில் வேறொரு பெண்ணை மனதில் வைத்திருந்தார். இங்கே வருவதே, பார்த்துவிட்டு வேண்டாம் என்று சொல்வதற்குத்தான் என்று பையன் போனில் சொல்லியிருந்தான்.

அவர்கள் வருவதாக இருந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் மனைவி என்னைக் கூப்பிட்டு நிறுத்தினாள். "ஏங்க, இன்னிக்கி ஒரு கப்பலும் இந்த வூட்டு வாசப்படி ஏறக்கூடாது. சொல்லிட்டேன்."

"அவங்களே கேட்டாங்கன்னா?"

"யாருங்க கேக்கப் போறாங்க?" என்றாள். நியாயமான கேள்விதான்.

பதினோரு மணிக்கு அக்கா, தம்பி, பையன் மூவரும் காரில் வந்து இறங்கினார்கள். அக்கா உட்காரும்போதே சொல்லிவிட்டார்: "காப்பியோட சரிங்க. பேச்சு முடிவாகாம நாங்க கை நனைக்கறதில்லீங்க."

எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்த வழக்கம் இது. பெண் வீட்டில் காபி குடிக்கலாம், மிக்சர் கொறிக்கலாம். சோற்றில் கை வைத்துவிட்டால் மட்டும் சம்மதம் என்று அர்த்தம். அதற்குப் பிறகு பின்வாங்கினால் ஊர் சிரிக்கும். எதற்கும் இருக்கட்டும் என்று பெண் வீட்டார் சாம்பார், ரசம், வடை, பாயசம் என்று சமைத்து வைத்திருப்பார்கள். பேச்சு முடியாவிட்டால் அவர்களே அதை இரண்டு நாள் தின்று தீர்ப்பார்கள். முந்தைய இரண்டு தடவையும் தின்று தீர்த்ததில் எனக்குப் பாயசமே வெறுத்திருந்தது.

அக்கா மகளிடம் நாலு கேள்வி கேட்டார். வீட்டைச் சுற்றிப் பார்த்தார். பிறகு எழுந்து, "சரிங்க, ஊருக்குப் போயி சொல்லியனுப்பறோம்" என்றார். இதற்கு என்ன அர்த்தம் என்று தெரியாதவன் தர்மபுரி மாவட்டத்தில் பெண்ணைப் பெற்றிருக்க முடியாது. மகள் சமையலறைக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழவில்லை. கதவை மட்டும் விடவில்லை.

செருப்பு மாட்டப் போன அக்கா சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். பன்னிரண்டு மூன்று. ஞாயிற்றுக்கிழமை பன்னிரண்டிலிருந்து ஒன்றரை வரை எமகண்டம். அந்த நேரத்தில் அவர் எந்த வீட்டுப் படியையும் இறங்க மாட்டாராம். "ஒன்றரை வரைக்கும் இருந்துட்டுப் போறோமுங்க" என்றவர், முழங்கால் வலி, கொஞ்சம் சாய்கிறேன் என்று உள்ளறைக்குப் போய்ப் படுத்தார். பத்து நிமிடத்தில் குறட்டை கேட்டது. பையன் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு காரில் போய் உட்கார்ந்துகொண்டான்.

கூடத்தில் நானும் பையனின் அப்பாவும் மட்டும். சாம்பார் மணம் வந்துகொண்டிருந்தது. அவர் தன் விரல்களைப் பார்த்தார், நான் கடிகாரத்தைப் பார்த்தேன். கொல்லையில் எங்கள் மோட்டார் ஓடுகிற சத்தம் கேட்டது. "பேரிங் போயிருச்சுங்க" என்றார். "மாத்தணுமுங்க" என்றேன். மணி ஒன்றை நெருங்கியபோது அவரே என் பக்கம் திரும்பினார்.

"உங்களுக்குக் கப்பலு பத்தியெல்லாம் தெரியுமாமுங்களே? பையன் சொன்னான். இந்த அணு நீர்மூழ்கிக் கப்பலு மாசக்கணக்குல தண்ணிக்குள்ளயே கெடக்குதாமே, எஞ்சினுக்குக் காத்து எப்படிங்க?"

நான் சமையலறைப் பக்கம் திரும்பினேன். மனைவியின் முகம் கதவிடுக்கில் தெரிந்தது. ஆனால் கேட்டது அவர். என்மேல் தப்பில்லை. ஆரம்பித்தேன்.

எண்ணெய் எரிக்கிற எஞ்சினுக்குத்தான் காற்று வேண்டும், அணு உலை எதையும் எரிப்பதில்லை, அதன் சூட்டில் தண்ணீரை ஆவியாக்கி அந்த ஆவியில் ஓட்டுகிறார்கள் என்றேன். இங்கிலாந்தின் முதல் அணு நீர்மூழ்கிக்குப் பெயர் டிரெட்நாட். அதே பெயரில் அதற்கு முன்னால் ஒரு போர்க்கப்பல் இருந்தது. அது கடலில் இறங்கியதும் உலகத்தில் உள்ள மற்ற போர்க்கப்பல்கள் எல்லாம் பழசாகிப்போயின, அவ்வளவு பெரிய பீரங்கிகள். ஆனால் முதல் உலகப் போர் முழுக்க அது மூழ்கடித்தது ஒரே ஒரு ஜெர்மன் நீர்மூழ்கியை. அதையும் சுடவில்லை, கிடா மாதிரி நேராகப் போய் முட்டியது.

"முட்டுச்சுங்களா!" அவர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"நீர்மூழ்கிய முட்டுன கப்பல் பேரையே பின்னால நீர்மூழ்கிக்கு வெச்சாங்க. ஆனா உலை மட்டும் அமெரிக்காக்காரன் குடுத்தது. முன்பாதி இவங்களுது, பின்பாதி அவனுது."

"பாடி ஒருத்தனுது, மோட்டாரு இன்னொருத்தனுது. நம்ம கடைக்கி வர்றதுல பாதி அப்படித்தானுங்க" என்றார். குடிதண்ணீருக்கு என்ன செய்வார்கள் என்று கேட்டார். கடல்தண்ணீரையே நல்ல தண்ணீர் ஆக்கிக்கொள்வார்கள் என்றேன். எங்கள் பக்கத்துப் போர்வெல் தண்ணீரைக் குடித்துக் குடித்துப் பல்லெல்லாம் பழுப்பேறிய மனிதர். அவர் முகத்தில் அப்போது வந்த பொறாமையை நான் வேறு யாரிடமும் பார்த்ததில்லை. "அப்பறம் எதுக்குங்க மேல வர்றாங்க?"

"சோறு தீந்துபோனா வந்துதானுங்களே ஆவணும்?"

அப்போதுதான் மகள் ஒரு தட்டைக் கொண்டுவந்து அவர் முன்னால் ஸ்டூலில் வைத்தாள். சுடுசோறு, சாம்பார், அப்பளம், ஓரத்தில் வடை. பக்கத்தில் ஒரு சொம்புத் தண்ணீர். நான் பார்த்தேன். பார்த்ததும் பேச்சை நிறுத்தியிருக்க வேண்டும். என் வாய் அதற்குள் அடுத்த கப்பலுக்குப் போய்விட்டது.

வேன்கார்ட், இங்கிலாந்து கட்டிய கடைசிப் போர்க்கப்பல். எந்தச் சண்டையிலும் ஒரு குண்டு சுட்டதில்லை. முதல் அணு நீர்மூழ்கி கடலில் இறங்கிய அதே வருடம், இதை உடைக்கிற இடத்துக்கு இழுத்துப் போனார்கள். வழியனுப்ப போர்ட்ஸ்மத் துறைமுகக் கரையில் பெருங்கூட்டம். இழுவைப் படகுகள் இழுக்க இழுக்கக் கப்பல் திமிறியது. தலையைத் திருப்பியது. நேராக எங்கே போனது என்றால், கரையோரம் இருந்த சாராயக் கடையைப் பார்த்து.

"அடடா" என்றபடி அவர் சொம்பைச் சாய்த்து விரல்களை அலம்பினார். கண் என் மேலேயே இருந்தது. கை தானாகச் சோற்றைப் பிசைந்தது. நான் இரண்டு கையாலும் கப்பல் திரும்புவதைக் காட்டிக்கொண்டிருந்தேன். விடவே மனசில்லை. கூட்டத்தை வர்ணித்தேன், படகுகளை வர்ணித்தேன், கடையின் ஜன்னல்களைக்கூட வர்ணித்தேன். நடுவில் மகள் வந்து ரசம் ஊற்றிவிட்டுப் போனாள். அப்பளம் நொறுங்கியது.

"கடையில முட்டுச்சுங்களா?" என்றார், வாய் நிறையச் சோற்றோடு.

"டேய்!"

உள்ளறை வாசலில் அக்கா நின்றார். தம்பி தன் கையை, அது யாருடையதோ என்பது போலப் பார்த்தார். மணிக்கட்டு வரை ரசம்.

"என்னடா பண்ணி வெச்சிருக்க? எத்தன மணிக்குடா கைய வெச்ச?"

அவருக்கு அந்த நிமிடம் கிழமையே தெரிந்திருக்காது. அக்கா என் பக்கம் திரும்பினார். "நீங்க டைம் கீப்பருங்களாமே. நீங்க சொல்லுங்க. எமகண்டத்துலயா வெச்சான்?"

மணி அப்போது ஒன்று நாற்பது. அவர் சோற்றில் கை வைத்தது ஒன்று பதினாறு. அது எனக்கு நிச்சயமாகத் தெரியும். யார் எதைச் செய்தாலும் என் கண் தானாகக் கடிகாரத்துக்குப் போய்விடும், சர்வீஸ் பழக்கம். மகள் என்னைப் பார்க்கவில்லை. ரசப் பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்து நின்றாள். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

"ஒன்னு முப்பத்திரண்டுங்க" என்றேன்.

அக்கா தட்டைப் பார்த்தார். "எட்டு நிமிசத்துல ரசத்துக்கு வந்துட்டானா?"

"நல்ல பசியாட்டம் இருக்குதுங்க" என்று உள்ளிருந்து என் மனைவி குரல் கொடுத்தாள்.

அக்கா தம்பியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கடைசியாக மகளைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். "நனைச்சது நனைச்சாச்சு. இனி எந்திரிச்சா ஊரு சிரிக்கும். எனக்கும் ஒரு எலை போடுங்க. சுகர் மாத்திரை போட்டு நேரமாச்சு." பையனைக் கூப்பிட ஓடிய என் மனைவி செருப்புக்கூடப் போடவில்லை.

பூ வைக்க நாள் குறித்துவிட்டு அவர்கள் கிளம்பிப் போனார்கள். மகள் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். நான் கேட்டேன். "தட்டு வெக்கச் சொன்னது அம்மாவா?"

"நான்தான். உங்ககிட்டக் கப்பலப் பத்தி அவங்கப்பாவக் கேக்கச் சொல்லுன்னு அவன்கிட்டச் சொல்லியனுப்புனதும் நான்தான்."

"அவரு கை வெப்பாருன்னு எப்படித் தெரியும்?"

"எனக்குக் களி எப்படிப்பா ஊட்டுனீங்க?"

ராகிக் களி என்றாலே சின்ன வயதில் வாயை இறுக்கிக்கொள்வாள். அவள் அம்மா கிண்ணத்தோடு அவளை என் முன்னால் கொண்டுவந்து உட்கார வைப்பாள். நான் கப்பல் கதை சொல்வேன். வாயைப் பிளந்துகொண்டு என் கதையைக் கேட்ட ஒரே ஆள் என் மகள்தான் என்று இத்தனை வருடம் நம்பியிருந்தேன். பிளந்த வாய்க்குள் களி போனதை நான் கவனித்ததே இல்லை. சிரிப்பும் வந்தது, வலிக்கவும் செய்தது.

"அப்போ நீ கதையே கேக்கலையா?"

"கேட்டேம்ப்பா. ஆனா கிண்ணம் காலியானதும் அம்மா வாய் கழுவத் தூக்கிட்டுப் போயிருவாங்க. எனக்கு ஒரு கப்பலோட முடிவும் தெரியாது." கையைத் துடைத்துக்கொண்டு வந்து எதிரில் உட்கார்ந்தாள். "இன்னிக்கும் அந்தம்மா வந்து கெடுத்துட்டாங்க. சொல்லுங்க, அந்தக் கப்பல் கடையில முட்டுச்சா?"

"முட்டல. கிட்டத்துல போயி மண்ணுல தட்டி நின்னுருச்சு."

"அப்பறம்?"

அப்புறம் ஒரு மணி நேரத்தில் அதை இழுத்து மிதக்க விட்டு, உடைக்கிற இடத்துக்கே கொண்டுபோய்விட்டார்கள். புத்தகத்தில் அப்படித்தான் இருக்கிறது. இன்னும் மூன்று மாதத்தில் அவள் காரிமங்கலத்துக்கு மருமகளாகப் போய்விடுவாள்.

"அப்பறம் என்ன, பாவம்னு விட்டுட்டாங்க" என்றேன். "அந்த ஊர்லயே இருந்துருச்சு."