அம்சவேணி எழுதிய பூஜ்யங்கள்

எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் உட்கார்ந்திருக்கும். அலுவலகத்தில் எல்லோருக்கும் அது தெரியும். தெரிந்தும் போன சித்திரையில் ஒரு திங்கட்கிழமை அம்சவேணி என் மேசை முன்னால் வந்து நின்று, "சார், நான் எழுதிக் குடுத்த கணக்கு தப்பு" என்றார். அறிக்கை கொடுக்க வெள்ளிக்கிழமை கடைசி நாள்.

நாங்கள் செய்வது போக்குவரத்து ஆய்வு. காஞ்சிபுரத்தின் பெரிய சாலை ஒன்றைச் சாக்கடை வேலைக்குத் தோண்டப் போகிறார்கள். ஒரகடத்துக்குப் போகும் கம்பெனி பஸ்களை எட்டு மாதத்துக்கு எந்தத் தெரு வழியாகத் திருப்பலாம் என்று கணினியில் ஓட்டிப் பார்த்து நாங்கள் சொல்ல வேண்டும். அதற்காக ஆறு தெருக்களில் ஆள் வைத்து வண்டிகளை எண்ணினோம். பிள்ளையார்பாளையத்தில் ஒரு தெருவை எண்ணியவர் அம்சவேணி. அது அவருடைய சொந்தத் தெரு.

தாமலில் பிறந்தவர். கந்தன் என்கிற பட்டு நெசவாளரைக் கட்டிக்கொண்டு இந்தத் தெருவுக்கு வந்தவர். ஆயிரக்கணக்கான இழைகளை ஒன்றுகூட விடாமல் பிணைக்கிற கைக்கு வண்டி எண்ணுவதெல்லாம் ஒரு வேலையா? மற்றவர்கள் தாளில் டீக்கறையும் அடித்தலுமாக இருக்கும். அம்சவேணி தாளில் ஒரு கீறல் இருக்காது. அவரைப் பார்த்துக் கற்றுக்கொள்ளச் சொல்லி மற்றவர்களை நானே குத்திக்காட்டியிருக்கிறேன்.

அந்தத் தாளில் காலை ஐந்து மணியிலிருந்து எட்டு மணி வரை பஸ், லாரி, கார் எல்லாக் கட்டத்திலும் பூஜ்யம். மென்பொருளுக்கு அது போதும். ஆறு தெருக்களில் இதுதான் காலியான தெரு, பஸ்ஸை இதிலேயே விடலாம் என்று முதலிடம் கொடுத்துவிட்டது. அன்றைக்குப் புதுத் தாள் வாங்க வந்த அம்சவேணி என் திரையில் தன் தெரு சிவப்பாகத் தடித்திருப்பதைப் பார்த்து என்னவென்று கேட்டார். நானும் பெருமையாக விளக்கினேன். அவர் முகம் வெளுத்துவிட்டது. அப்போதுதான் என் முன்னால் வந்து நின்று கணக்கு தப்பு என்றார்.

"காலைல வண்டி ஏன் வரலன்னு நெனச்சீங்க? தெரு நெடுக பாவு நீட்டிக்கினு இருக்கோம் சார்."

சேலையின் நீள இழைகள்தான் பாவு. அறுபது அடிக்கு அதைத் தெருவில் இழுத்துக் கட்டி, கஞ்சி போட்டு, வெயில் ஏறுவதற்குள் உலர்த்தி எடுப்பார்கள். அந்தத் தெருவில் பதினோரு வீட்டுப் பாவுகள். அவை கிடப்பதால்தான் வண்டி வருவதில்லை. பஸ் வந்தால் பாவுக்கு இடமில்லை, பாவு இல்லையென்றால் எட்டு மாதத்துக்குத் தறியில் ஏற்ற ஒன்றும் இருக்காது.

அப்படியானால் அதை ஏன் தாளில் எழுதவில்லை என்று கத்தினேன்.

"அதுக்குக் கட்டமே இல்லியே சார். அது வண்டியா? எங்களுக்கு அதுதான் தெரு."

நான் முசரவாக்கத்துக்காரன். கல்லூரிக்கு மூன்று வருடம் அதே தெரு வழியாக, பாவில் இடிக்காமல் சைக்கிளை ஒடித்து ஒடித்துப் போனவன். பூஜ்யத்தைப் பார்த்துக் குஷிப்பட்ட அந்த அதிமேதாவி வேறு யாரும் இல்லை, நான்தான். மிச்சக் கோபம் என் மேலேயே திரும்பியது. அதை அவரிடம் காட்டிக்கொள்ளவில்லை, அவ்வளவு சுலபமாக நான் இறங்கி வருகிற ஆள் இல்லை.

அறிக்கையில் ஒரு குறிப்பு எழுதினால் யாரும் படிக்க மாட்டார்கள். எண்ணைத்தான் பார்ப்பார்கள். ஆகவே பாவு மென்பொருளுக்குள்ளேயே போக வேண்டும். அந்த மென்பொருளுக்குச் சொந்தமாக ஒரு மண்ணும் தெரியாது. பஸ் எவ்வளவு நீளம், எவ்வளவு வேகத்தில் கிளம்பும், எவ்வளவு இடைவெளி விடும் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கோப்பு இருக்கும். லைப்ரரி ஃபைல் என்போம். பஸ்ஸை ஓட்டுமுன் மென்பொருள் அந்தக் கோப்பைத் திறந்து பார்த்துக்கொள்ளும். எந்த நாட்டிலோ யார் யாரோ எழுதி, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், புதிதாகச் சேர்க்கலாம் என்று திறந்தே வைத்திருக்கிறார்கள். ஷேர் ஆட்டோவுக்கு ஒரு புண்ணியவான் எழுதியிருந்தார். நடுரோட்டில் படுக்கிற மாட்டுக்குக்கூட ஒன்று இருந்தது. பாவுக்கு இல்லை.

இதைச் சொன்னபோது அம்சவேணி, எழுதியவர்கள் யாரென்று கேட்டார். தெரியாது என்றேன்.

"எந்தத் தாய் பெத்த புள்ளைங்களோ, நல்லா இருக்கணும்" என்றார்.

மறுநாள் நீளம், அகலம், தாங்கும் கட்டைகளின் உயரம், எந்தப் பாவு எத்தனை மணிக்கு ஏறி எத்தனை மணிக்கு இறங்கும் என்று எல்லாவற்றையும் எழுதிக்கொண்டு வந்தார். வழக்கம்போல ஒரு அடித்தல் இல்லை. புதன்கிழமை மாலைக்குள் கோப்பை முடித்துவிட்டேன். ஓட்டிப் பார்த்தால், தெரு அடைத்துக்கொண்டது. மென்பொருள் பஸ்களை மார்க்கெட் கிடங்குகளுக்குப் பின்னால் போகும் அகலமான சாலைக்குத் தள்ளியது. நான்கு நிமிடம் கூடுதல், அவ்வளவுதான். அப்பாடா என்று நாற்காலியில் சாய்ந்தேன்.

பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அம்சவேணி போகவில்லை. "ஆம்புலன்ஸ் வந்தா பாவத் தூக்கிடுவோம். அதையும் எழுதுங்க சார்" என்றார்.

அதற்குத் தனியாக ஒரு நாள் பிடிக்கும். ஆம்புலன்ஸைக் கண்டால் வண்டிகள் ஒதுங்கும் என்று கோப்புகளில் இருந்தது. கட்டிப்போட்ட பொருள் ஒதுங்குவதை யாரும் எழுதவில்லை. இதனால் முடிவு ஒன்றும் மாறாது, வேண்டாத வேலை என்று எரிந்து விழுந்தேன். அவர் அசையவில்லை. நின்றபடியே சொன்னார்.

இரண்டு வருடத்துக்கு முன் ஒரு காலை ஆறு மணிக்குக் கந்தன் மார்பைப் பிடித்துக்கொண்டு தறி மேலேயே சாய்ந்துவிட்டார். ஆம்புலன்ஸ் தெருமுனைக்கு வந்தபோது பதினோரு பாவும் ஈரமாகக் கிடந்தன. கஞ்சி ஈரத்தோடு அவிழ்த்தால் இழைகள் ஒட்டிச் சிக்காகிவிடும். சின்னப் பிள்ளைக்கும் அது தெரியும். யாரும் ஒரு நொடி யோசிக்கவில்லை. அவிழ்த்துத் தோளில் தாங்கிச் சுவரோரம் போய் நின்றார்கள். நான்கு பாவு உதவாமல் போயிற்று. இன்று வரை ஒரு வீட்டிலிருந்தும் அதைப் பற்றி ஒரு சொல் வந்ததில்லை. பத்து நிமிடம் தாமதித்திருந்தால் கந்தன் இல்லை என்றாராம் டாக்டர். கந்தன் அரை நாள்தான் தறியில் உட்கார முடிகிறது என்பதால் அம்சவேணி இந்த எண்ணும் வேலைக்கு வந்தார். தப்பு என்று சொன்னால் இந்த வேலை போகும் என்று நினைத்துக்கொண்டேதான் அன்றைக்கு அதைச் சொல்லியிருக்கிறார்.

"அந்தத் தெருவுக்கு நானே பஸ்ஸ வுட்டுட்டு நிம்மதியா சோறு தின்ன முடியுமா சார்? அப்புறம், அது சும்மா வழிய அடைச்சிக்கினு கிடக்குதுன்னு உங்க ஃபைலு சொல்லக் கூடாது."

கோப்பை மறுபடி திறந்தேன். வியாழன் முழுக்க உட்கார்ந்து எழுதினேன். வெள்ளிக்கிழமை அறிக்கை போயிற்று, அடுத்த மாதம் அப்படியே ஏற்றுக்கொண்டார்கள். கோப்பையும் அந்தத் திறந்த நூலகத்தில் சேர்த்துவிட்டேன். கணக்கு சரியாக இருந்தபோதும் தப்பு என்று வந்து சொன்ன அந்தப் பெண்ணுக்கு நன்றி சொல்லத்தான் இதை எழுதுகிறேன். நேரில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அறிக்கையை ஏற்றுக்கொண்ட செய்தி வந்த மறுநாள் அம்சவேணி கணவரைக் கூட்டிக்கொண்டு வந்தார். கந்தன் மெலிந்த மனிதர், நாற்காலி நுனியில் உட்கார்ந்தார். நான் காலை ஆறு மணியை ஓட்டினேன். திரையில் தெரு நெடுக மஞ்சள் கோடுகள். முனையில் ஒரு வெள்ளைக் கட்டம் திரும்பியது. கோடுகள் ஒவ்வொன்றாகச் சுவரோரம் நகர, அது நடுவே நிற்காமல் போயிற்று.

அந்தக் காலையில் அவருக்கு நினைவில்லை. வீட்டுக்குள் தறி மேல் கிடந்தார். தெரு தூக்கியதை அவர் பார்த்ததே இல்லை.

"பதினோரு வூடுமா?" என்று மனைவியைக் கேட்டார்.

"பதினொன்னும்தான்."

இன்னொரு முறை ஓட்டச் சொன்னார். ஓட்டினேன். இந்த முறை ஒவ்வொரு கோடு ஒதுங்கும்போதும் அந்த வீட்டுக்காரர் பெயரை மெல்லச் சொல்லிக்கொண்டே வந்தார்.