பீச்சாங்கையின் கட்டைவிரல்

நடவில் அம்மாவின் இடது கையிலிருந்து நாற்றுக்கட்டு நழுவிச் சேற்றில் விழுந்தது. எடுத்தாள். மறுபடி விழுந்தது.

"இன்னாக்கா, நாஷ்டா துன்னலியா?" என்று பக்கத்தில் நட்டவர்கள் சிரித்தார்கள். பதில் சொல்ல வாய் திறந்தபோது பேச்சு குழறியது. சிரிப்பு நின்றது.

உத்திரமேரூர் ஆஸ்பத்திரியிலிருந்து செங்கல்பட்டுக்கு அனுப்பினார்கள். பக்கவாதம் (மூளைக்குப் போகும் ரத்தம் தடைபட்டு உடலின் ஒரு பக்கம் செயலிழப்பது) என்றார் மருத்துவர். சில வாரங்களில் பேச்சும் காலும் தேறின. இடது கை தேறவில்லை.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். மருத்துவமனைச் சீட்டுகளை நானே படித்து எல்லோருக்கும் விளக்கினேன். அந்தத் தெம்பில்தான் சொன்னேன்: "நல்லவேளைம்மா, பீச்சாங்கைதான். சோத்தாங்கைக்கு ஒண்ணும் ஆவல."

"இவ்ளோ படிச்சியே, இதான் தெரிஞ்சிக்கினியா? நடவுல வேல செய்யறதே பீச்சாங்கைதான்டி. நான் திரும்ப நட வேணாமா?"

வலது கை வாங்கி ஊன்றும், அவ்வளவுதான். கட்டைப் பிடித்திருக்கும் இடது கையின் கட்டைவிரல்தான், பார்க்காமலே இரண்டு மூன்று நாற்றைப் பிரித்துத் தள்ளும். வரப்பில் நின்று எத்தனையோ முறை பார்த்த எனக்கு இது தெரியாது.

இயன்முறை மருத்துவர் (பயிற்சிகளால் உடலசைவை மீட்பவர்) ரப்பர் பந்தை அமுக்கச் சொல்லியிருந்தார். பிடி பலமானது, விரல் பிரிக்கவில்லை. நடவைப் பற்றிச் சொன்னதும் அவர் முகம் மாறியது. "முதல்லயே சொல்லக் கூடாதாம்மா? எந்த வேலை திரும்பணுமோ அதையே பழகட்டும். கெட்டுப்போன இடத்தோட வேலையை மூளையில வேற இடம் கத்துக்கணும். செஞ்சிக்கிட்டே இருந்தாதான் கத்துக்கும்."

அம்மா அறுகம்புல்லைக் கட்டாகப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். ஒரு தள்ளலில் கொத்தாகப் பத்து வந்தது. அடுத்ததில் ஒன்றும் வரவில்லை. பொறுக்காமல் நான் பிரித்துக் கொடுத்தேன்.

"நீ பிரிச்சா உன் கைதான் கத்துக்கும். எடு கைய."

உங்கள் வீட்டிலும் இப்படி ஒருவர் இருந்தால், இந்த ஒரு தவற்றைச் செய்யாதீர்கள்.

மெல்ல மெல்ல மூன்று மூன்றாக வரத் தொடங்கியது. நான் கைதட்டினேன். அம்மா புல்லைத் தண்ணீரில் நனைத்தாள். எல்லாம் மறுபடி கெட்டது. அது கைவந்ததும் கண்ணை மூடிக்கொண்டாள். பிறகு எழுந்து, நடவில் போலவே குனிந்து, பின்னால் அடிவைத்தபடி பிரித்தாள். ஒவ்வொரு முறையும் பழகியதைத் தானே கடினமாக்கிக்கொண்டாள். நான் பரீட்சைக்கு அப்படிப் படித்ததில்லை. தெரிந்த பாடத்தையே திரும்பப் படித்துச் சந்தோஷப்பட்டவள் நான்.

அடுத்த நடவுக்குக் கூப்பிட்டார்கள். மற்றவர்கள் நட்டுப் பின்வாங்கிவிட, மெதுவாக நடுபவர் இருபுறமும் நட்ட நாற்றுகளுக்கு நடுவே தனியாக மாட்டிக்கொள்வார் என்பதால், வரப்போரம் நிற்கச் சொன்னார்கள். அம்மா நடுவில்தான் நின்றாள். மாட்டிக்கொள்ளவும் செய்தாள்.

"இன்னாக்கா, சாமி ஊர்வலமா?"

"முன்ன கை மட்டும் நட்டுச்சி. இப்ப மூளையும் கூட வருது. கூட்டம் ஜாஸ்தி, மெதுவாத்தான் போவும்."

கடைசி ஆளாகத்தான் கரையேறினாள். கட்டு ஒருமுறைகூட விழவில்லை.

அந்த விரலசைவுக்கு ஒரு நொடிகூட ஆகாது. அது திரும்பி வர ஒரு நடவிலிருந்து அடுத்த நடவு வரை ஆனது. இப்போது பஸ்ஸில் போகும்போது மடியில் கிடக்கும் என் இடது கையைப் பார்க்கிறேன். எனக்குச் சொல்லாமல் அது எதையெல்லாம் கற்று வைத்திருக்கிறதோ.