நாற்பத்து நான்காம் நாள் கொடுத்த அப்பீல்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில். தில்லியில் நாங்கள் குடியிருந்த கிட்வாய் நகர் அரசு குவார்ட்டர்ஸ் முழுக்க அது தெரியும். ஓய்வு பெற இரண்டு வருடம் இருக்கும்போது, ஒரு பழைய கோப்பைத் தொலைத்துவிட்டேன் என்று துணை இயக்குநர் எனக்குக் கண்டனத் தண்டனை கொடுத்தார். கண்டனத்தால் சம்பளம் குறையாது. ஆனால் செக்‌ஷன் ஆபீசர் பதவி உயர்வுப் பட்டியல் தயாராகிக்கொண்டிருந்த நேரம் அது. அந்த ஒரு தாள் இருந்தால் என் பெயர் அதில் வருவது கஷ்டம். முப்பத்து நாலு வருடம் உழைத்ததற்கு இதுதானா என்று வயிறெரிந்தது.

“கோர்ட்டுக்கு இழுக்கறேன் பாருங்க!” என்று அலுவலகத்துக்கே கேட்கும்படி கத்தினேன். ஐந்து வாரம் அதையே எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்த பிறகுதான் வக்கீலிடம் போனேன். தில்லியில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண், என் மகள் வயது.

“ஆண்ட்டி, டிபார்ட்மென்ட்ல அப்பீல் போட்டாச்சா?”

“அந்த ஆளுங்ககிட்டயே போய்க் கெஞ்சணுமா? நேரா கேஸப் போடும்மா.”

“அச்சா, போடலாம். ஆனா கவர்மென்ட் ஸ்டாஃப் கேஸெல்லாம் போற ட்ரிப்யூனல்ல முதல் கேள்வியே அதான். அப்பீல் பண்ணலேன்னா, போய்ப் பண்ணிட்டு வாங்கன்னு திருப்பி அனுப்பிடுவாங்க. அப்பீல் போட்டு ஆறு மாசம் பதில் வரலேன்னா, அப்போ நாம போகலாம். டைம் எவ்ளோ இருக்கு?”

அப்பீலுக்கான நாற்பத்தைந்து நாளில் முப்பத்தொன்பது போயிருந்தது.

வெட்கக்கேடு என்னவென்றால், எங்கள் அலுவலகத்தில் யாருக்கு மெமோ வந்தாலும் பதில் எழுதிக் கொடுப்பது நான்தான். மதராசி டிராஃப்ட் என்றால் மதிப்பு. பஞ்சாபிக்காரர்கள்கூடக் கையில் டீயோடு என் மேசைக்கு வருவார்கள். எனக்கு வந்த மெமோவுக்கு மட்டும் ஆத்திரத்தில் ஒரே வரி எழுதியிருந்தேன்: ‘நான் தொலைக்கவில்லை.’ என்னைத் தெரியாதா இவர்களுக்கு என்கிற திமிர்.

அப்பீல் எழுத உட்கார்ந்தபோது எல்லாவற்றையும் தேதிவாரியாகச் சொல்ல வேண்டியிருந்தது. கோப்பு என் மேசையை விட்டு எப்போது போனது? கோப்புகள் போய்வருவதைப் பதியும் மூவ்மென்ட் ரிஜிஸ்டரைக் கேட்டு வாங்கிப் புரட்டினேன். இருந்தது, தாயே! கோப்பு துணை இயக்குநர் அறைக்குப் போன தேதி, வாங்கிக்கொண்ட அவருடைய பி.ஏ.வின் கையெழுத்து. திரும்பி வந்ததற்கு எந்தப் பதிவும் இல்லை. அடிப்பாவி, இதைப் பார்க்காமலா ஊரெல்லாம் கத்திக்கொண்டிருந்தாய் என்று என்னையே திட்டிக்கொண்டேன்.

மூன்று பக்கம் எழுதினேன். கோபமாக ஒரு வார்த்தை கிடையாது. ரிஜிஸ்டர் பக்கத்தின் நகலை இணைத்து, நாற்பத்து நான்காம் நாள், துணை இயக்குநருக்கு மேலே இருக்கும் இயக்குநரின் அலுவலகத்தில் கொடுத்து முத்திரை வாங்கினேன்.

ஐந்து மாதம் அங்கிருந்து பதில் வரவில்லை. “நீயா இப்படி வாயை மூடிட்டு இருக்கே? உடம்பு கிடம்பு சரியில்லையா?” என்று வீட்டுக்காரர் சீண்டினார். பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். நல்லவேளை, பதவி உயர்வுக் குழுவின் கூட்டமும் தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது. எங்கள் துறையில் அது வழக்கம்தான்.

ஆறாம் மாதம் துணை இயக்குநர் கூப்பிட்டு ஒரு கவரை நீட்டினார். ‘பதிவேட்டைப் பாராமலே தண்டனை விதிக்கப்பட்டுள்ளது, கண்டனம் ரத்து’ என்று இயக்குநர் எழுதியிருந்தார். துணை இயக்குநர் எதிரிலேயே நின்று ஒரு வரி விடாமல் மெதுவாகப் படித்தேன்.

“டீக் ஹை, மேடம்?” என்று, சரிதானே என்கிற மாதிரி கேட்டார், என் முகத்தைப் பார்க்காமல்.

“பஹுத் டீக் ஹை, சார்.”

வெளியே வந்து வக்கீலுக்குப் போன் போட்டேன். “ஆண்ட்டி, கேஸ் பேப்பர் ரெடி. ஆறு மாசம் முடிய இன்னும் பன்னிரண்டு நாள்தான்” என்றாள்.

“கிழிச்சுப் போடும்மா! ஜெயிச்சாச்சு!” காரிடாரே திரும்பிப் பார்த்தது. பார்க்கட்டுமே.

அடுத்த மாதம் பட்டியல் வந்தது. மூன்றாவது பெயர் என்னுடையது. சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வர, நோட்டீஸ் போர்டு முன்னால் நின்று என் பெயரை நானே நாலு தடவை வாசித்தேன். கடைசிப் பதினைந்து மாதம் செக்‌ஷன் ஆபீசராக வேலை பார்த்துத்தான் ஓய்வு பெற்றேன்.