சின்னம்மாள் வராத லீவு

முழுப் பரீட்சை முடிந்தாலும், தறியில் ஏற்றிய பாவு நூல் நெய்து தீரும் நாளில்தான் எங்களுக்கு லீவு தொடங்கும். பாவு தீர்ந்தால் அப்பாவுக்கு வேலை இல்லை. அண்ணன் ஹேமநாத்தையும் என்னையும் கூட்டிக்கொண்டு ஆரணியிலிருந்து பெரணமல்லூர் பஸ் ஏறிவிடுவார். அங்கே அம்மாவின் தம்பி பலராமன் மாமாவின் வீடும் நிலமும். பம்ப்செட் தொட்டியில் கண் சிவக்கும்வரை குளிப்போம், வேர்க்கடலை சுட்டுத் தின்போம். அப்பா மாப்பிள்ளை முறுக்கோடு வேப்பமரத்தடியில் படுத்துக் கிடப்பார்.

அது என் அம்மா சின்னம்மாள் பிறந்த வீடு. அவள் மட்டும் வந்ததில்லை. பழைய பாவின் நுனியோடு புதுப் பாவை, விரலில் சாம்பல் தொட்டு, இழை இழையாக முறுக்கிப் பிணைக்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழைகள். அதை அவள் முடித்தால்தான் அப்பா திரும்பி வந்து தறியில் உட்கார முடியும். நாங்கள் ஊரில் ஆட்டம் போட்ட நாளெல்லாம் அவள் அதில்தான் குனிந்திருந்தாள்.

"அக்கா வர்லியா மாமா?" என்று மாமா ஒவ்வொரு முறையும் அப்பாவிடம் கேட்பார்.

"கூப்ட்டேம்பா. வரமாட்டேன்னுட்டா," என்பார் அப்பா, சோற்றைப் பிசைந்தபடி.

கேட்டுக் கேட்டு மாமாவுக்கு மனம் கசந்துவிட்டது. என் கல்யாணத்துக்குத் தாய்மாமன் சீர் வரவில்லை. "பொறந்த ஊடு வேணாம்னவளுக்கு சீரு மட்டும் எதுக்கு?" என்று சொல்லியனுப்பினார். மண்டபத்திலேயே அம்மா அழுதாள்.

அப்பா போய்ச் சேர்ந்து இரண்டு வருஷம் ஆகிறது. போன மாதம், மாமா படுத்த படுக்கையாகிவிட்டார் என்று தகவல் வந்தது. "அவன் கண்ண மூடறதுக்குள்ள எங்கிட்ட ஒரு வார்த்த நல்லபடியா பேசிட்டா போதும்," என்றாள் அம்மா. அழைத்துப் போனேன்.

கட்டிலருகே உட்கார்ந்து மாமாவின் கையைப் பிடித்தாள். அவர் உருவிக்கொண்டார்.

"எத்தினி தபா கூப்ட்டாலும் வரமாட்டேன்னியாமே. நாங்க என்னக்கா பண்ணோம் உனுக்கு?"

அம்மா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அப்புறம் முழுங்கிக்கொண்டாள். "வேல இருந்துச்சுப்பா. என் தப்புதான்," என்றாள்.

மாமா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார். கொடுத்த காபியைக் குடித்துவிட்டுக் கிளம்பினோம்.

பாதி வழியில், பஸ்ஸில் அம்மா சொன்னாள்: "உங்கப்பா ஒரு தபா கூட என்ன வரியான்னு கேட்டதில்லடி."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அத அங்கியே சொல்லித் தொலைக்கிறதுதானே?"

"செத்துப்போன மனுசன, உங்கப்பாவ, பொய் சொன்னாருன்னு எந்தம்பிகிட்ட எப்படிச் சொல்லுவேன்? எனக்கு வாய் வர்ல."

அந்த வாரமே மாமா இறந்தார். துக்கத்துக்குப் போன இடத்தில், கூப்பிட்டும் வராத அக்கா இவள்தான் என்று அம்மாவைக் காட்டிப் பேசிக்கொண்டார்கள். அம்மா தலைமாட்டில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள்.