வடக்கு எல்லையைக் கேட்டவர்

நானும் சட்டம் படிக்க வேண்டும் என்று முதன்முதலில் தோன்றியது, அந்த அம்மா எங்கள் குத்தகைப் பத்திரத்தைக் கடைசிப் பக்கத்திலிருந்து படிக்க ஆரம்பித்தபோதுதான்.

பனமலைப் பக்கம் எங்கள் நிலத்தில் சோலார் போட வந்த கம்பெனியின் பெரிய அதிகாரி அவர். அதற்கு முன்பு கோர்ட்டில் வக்கீலாக இருந்தவராம். நரைத்த முடியை ஒட்ட வெட்டியிருந்தார். கழுத்தில் கம்பெனி அடையாள அட்டை. செஞ்சியில் பத்திர எழுத்தர் கடையில் என் அப்பா, நைனா, கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்தேவிட்டார்.

"இருங்க," என்றார் அந்த அம்மா. "கடைசிப் பக்கத்துல நிலத்தோட வடக்கு எல்லை ஏரிக்கரைன்னு எழுதியிருக்குது. நடுவுல இருக்கிற ஊர் வாய்க்கால் எங்க போச்சு?"

பத்திரம் எழுதவைத்த புரோக்கர் சிரித்தார். "மேடம், அதையும் சேத்து வேலி போட்டா நம்ம கம்பெனிக்குத்தானே நல்லது?"

"கீழ் வயலுக்கெல்லாம் நீயா தண்ணி சுமப்ப? ஊர் வாய்க்காலைக் குடுக்க இவருக்கும் உரிமை இல்ல, எடுக்க நமக்கும் இல்ல. மாத்தி எழுது."

எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "இப்டி பண்ணா உங்க வேலை போயிடாதா மேடம்?"

"போவட்டுமே. கருப்புக் கோட்டு இன்னும் ஆணியிலதான் தொங்குது."

அவர் கம்பெனி ஆளா, எங்கள் ஆளா என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை. சட்டக் கல்லூரிக்கு விண்ணப்பம் போட்டுவிட்டேன். ஆனால் அதே புரோக்கர் எழுதவைத்த பத்திரம் ஊரில் இன்னும் பல வீடுகளில் கையெழுத்துக்குக் காத்திருக்கிறது.

"உனக்கு இன்னாத்துக்கு ஊர் வம்பு?" என்கிறார் நைனா.

ஞாயிற்றுக்கிழமை எல்லோரையும் பத்திரத்தோடு வரச் சொல்லியிருக்கிறேன். கடைசிப் பக்கத்திலிருந்துதான் ஆரம்பிக்கப் போகிறேன்.