மேனேஜர் ஒருத்தரா, பல பேரா?

ஆங்கில இலக்கணம் சொல்லிக்கொடுப்பது சுரங்கத்தில் தண்ணீர் இறைப்பதைப் போன்றது; மோட்டாரை நிறுத்தினால் மறுபடி ஊறிவிடும். நாளிதழில் முப்பது வருஷம் பிழை திருத்திவிட்டு, நெய்வேலி டவுன்ஷிப்பில் மாலை வகுப்பு நடத்துகிறேன். 'இஸ்'ஸிடமும் 'ஆர்'ரிடமும் அடிபட்டவர்களே, வாருங்கள், சேர்ந்தே நோவோம்.

மரியாதைக்கு ஒரு வினைச்சொல்

என் மாணவர் கொளஞ்சி, சுரங்கத்துக் கன்வேயரில் பதினோரு வருஷமாகக் கான்ட்ராக்ட். பெர்மனென்ட் ஆக ஒரு எழுத்துத் தேர்வு. வயது வரம்பு நெருங்கியதால் அதுதான் கடைசி வாய்ப்பு. 'மை மேனேஜர் ஆர் கமிங்' என்று எழுதினார். ஒருவருக்கு 'இஸ்', பலருக்குத்தான் 'ஆர்' என்றேன். அடுத்த வரி, 'கான்ட்ராக்ட் ஒர்க்கர்ஸ் இஸ் வெயிட்டிங்'. தலையில் அடித்துக்கொண்டேன்.

"எங்கள யாருங்க வாங்க போங்கன்னு கூப்புடறாங்க? மேனேஜர் சாருக்குப் போயி 'இஸ்' போட்டா, வந்துகினு இருக்கான்னு சொன்ன மாதிரி ஆயிடாதுங்களா?"

படித்தவர் பிழை

பட்டம் வாங்காதவரின் தவறு என்று நினைத்திருந்தேன். ஒருநாள் அந்த மேனேஜரே வந்தார். இன்ஜினியர். கேட்டில் ஒட்டப்போகும் அறிவிப்பைப் பார்த்துத் தரச் சொன்னார். 'கான்ட்ராக்ட் ஒர்க்கர்ஸ் இஸ் நாட் அலவ்ட்.' அடித்துவிட்டு 'ஆர்' போட்டேன். அவருக்கு முகம் சுருங்கியது.

"படிக்கப்போறதே அவனுங்கதான். அவனுங்களுக்கு எதுக்கு சார் இவ்வளவு மரியாதை?"

தேர்வு அறையில்

மேலதிகாரியைப் பற்றி ஐந்து வரி எழுதச் சொல்லிக் கேள்வி. பாதியில் கொளஞ்சி எழுந்து நின்றுவிட்டார். பக்கத்துத் தாளை எட்டிப் பார்க்கிறார் என்று கண்காணிப்பாளர் தாளைப் பிடுங்கிக்கொண்டார். பதினோரு வருஷமும் அந்தத் தாளோடு போயிருக்கும். கொளஞ்சி கையைக் கட்டிக்கொண்டு சொன்ன காரணத்தைக் கேட்டதும் சிரித்துத் திருப்பிக் கொடுத்தாராம்.

"மேனேஜருக்கு 'இஸ்' போட வேண்டிய எடம் சார். உக்காந்துகினு போட மனசு வரல."

உத்தரவு வந்த பிறகு

தேறிவிட்டார். வேலை உத்தரவைச் சட்டைப்பையிலும் லட்டு டப்பாவைக் கையிலும் வைத்துக்கொண்டு வகுப்புக்கு வந்தார். அவரோடு ஒரே ஷிஃப்டில் வேலை பார்த்த சேகர் இன்னமும் கான்ட்ராக்ட்தான். வகுப்பிலும் என் மாணவர். சேகரைக் கரும்பலகையில் ஒரு வாக்கியம் எழுதச் சொன்னேன். 'கொளஞ்சி ஆர் பெர்மனென்ட்' என்று எழுதிவிட்டு ஒதுங்கி நின்றார். நான் டஸ்டரை எடுத்தேன். முன் பெஞ்சிலிருந்து கொளஞ்சி எழுந்திருக்கக்கூட இல்லை.

"விடுங்க சார், அவன் சரியாத்தான் எழுதியிருக்கான்."

முப்பது வருஷம் பிழை திருத்தியவன் அனுபவத்தில் சொல்கிறேன்: உலகெங்கும் எழுவாயைப் பார்த்து மாறும் வினைச்சொல், எங்கள் ஊரில் மட்டும் வேலை உத்தரவைப் பார்த்து மாறுகிறது.