கேமராவுக்கு இந்தப் பக்கம்

பர்பேங்க் ஸ்டுடியோவில் நான் தலை வாரிவிட்ட நடிகைகளில், வின்னி கோல்டருக்கு மட்டும் பின்னந்தலையைத்தான் பார்த்துப் பார்த்து அலங்கரிப்பேன். படத்தில் தெரிவது அதுதானே. நெப்ராஸ்காவின் சோளக்காட்டை விட்டு நடிக்க வந்தவள். கதாநாயகியின் அக்கா, பக்கத்து வீட்டுக்காரி, நர்ஸ் என்று எந்த வேஷமானாலும் அவள் தோளுக்கு மேலாகத்தான் கேமரா எட்டிப் பார்க்கும்.

"உன் முதுகு இன்னைக்கு பிரமாதமா நடிச்சிருக்குடி" என்று அவள் புருஷன் ஆர்வில் தியேட்டரிலேயே கிண்டல் செய்வான். தச்சு வேலைக்காரன், நல்ல மனுஷன். சர்க்கரை நோயில் பார்வை போன பிறகும் அவள் படம் ஒன்று விடாமல் வந்து உட்கார்ந்து கேட்பான்.

எதிரில் நடிப்பவரின் முகத்தை மட்டும் எடுக்கும்போது, கேமராவுக்குப் பக்கத்தில் நின்று மற்றவர் தன் வசனத்தைச் சொல்ல வேண்டும். மற்றவர்கள் ஒப்புக்குச் சொல்வார்கள். வின்னியோ, தன்னை யாரும் எடுக்காத அந்த இடத்தில் நின்று நிஜமாகவே அழுவாள். அதைப் பார்த்துத்தான் எதிரே நிற்கும் நட்சத்திரங்களுக்குக் கண்ணீர் வரும். பெயரென்னவோ அவர்களுக்கு. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு படத்தில், போரில் தம்பி இறந்த சேதியைத் தங்கையிடம் சொல்லும் அக்காவாக நடித்தாள். முதல்முறையாக அவள் முகத்தையும் திரை நிறைய எடுக்கப் போவதாக டைரக்டர் சொல்லிவிட்டார். ஆர்வில் காது கேட்கிறவர்களிடமெல்லாம் இதைச் சொல்லித் தீர்த்தான்.

முதலில் தங்கை எல்லியாக நடித்த தெல்மா ரோர்க்கின் முகம். வின்னி கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, "அவன் இனிமே வரமாட்டான், எல்லி. நீ சாப்பிடு" என்றாள். விளக்குப் பிடிக்கிறவன்கூட மூக்கை உறிஞ்சினான். வின்னியின் முறை வந்தபோது தெல்மா வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள்.

டைரக்டர் என்னைக் கூப்பிட்டார். "ஓபல், தங்கச்சி வசனத்த நீ நின்னு படிச்சிடேன்."

சீப்பும் கையுமாக நின்று, "அக்கா, அவன் எங்கே" என்று சலவைச் சீட்டைப் படிப்பதுபோல் படித்தேன். பாவி மகள், என்னைப் பார்த்தே அப்படி அழுதாள்.

படம் வந்ததும் மூவரும் போனோம். ஆர்வில் நடுவில். அந்தக் காட்சியில் வின்னியின் முகத்தை மொத்தமாக வெட்டி எறிந்திருந்தார்கள். திரை முழுக்கத் தெல்மாவின் முகம், கூடவே வின்னியின் குரல் மட்டும். நாசமாய்ப் போகிறவர்கள். தியேட்டரே அந்தக் குரலுக்கு விசும்பிக்கொண்டிருந்தது.

ஆர்வில் துழாவி அவள் கையைப் பிடித்தான்.

"இந்தத் தடவ மூஞ்சியக் காமிச்சுட்டாங்க, இல்ல?"

 வின்னி வாயைத் திறப்பதற்குள் நான் முந்திக்கொண்டேன்.

"காமிச்சுட்டாங்க, ஆர்வில். திரை முழுக்க அவதான்."

"எப்படி இருக்கா? நல்லா பாத்துச் சொல்லு ஓபல்."

நான் திரையைப் பார்க்கவில்லை. அவனுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தேன். அவள் கன்னம் நனைந்திருந்தது. திரையின் வெளிச்சம் முழுவதும் அவள் முகத்தில்தான் இருந்தது.

"அழுதுக்கிட்டிருக்கா. ரொம்ப அழகா இருக்கா" என்றேன். அதில் பொய் எதுவும் இல்லை.